மாடிக்கு விட்ட கம்பி

பாண்டிச்சேரிக்குப் போகிறேன் என்றால் எங்கள் திருச்செங்கோட்டுப் பக்கம் யாரும் எதற்கென்று கேட்பதில்லை. கண்ணைச் சிமிட்டிவிட்டு, "நம்மளையும் கொஞ்சம் நெனச்சுக்குங்க" என்பார்கள். இந்தத் தடவையும் டீக்கடையில் அதுதான் நடந்தது. நான் சிரித்து வைத்தேன். என் தங்கை வீட்டுக்காரர் முத்து போனில் சொன்னது காதிலேயே நின்றது.

"மச்சான், வூடு உள்ளேர்ந்து வெடிக்குது. உங்க தங்கச்சி கைய வைக்க வுட மாட்றா. ஒரு நட வந்துட்டுப் போங்க."

முத்து எனக்கு மாப்பிள்ளை ஆவதற்கு முன்பே கூட்டாளி. நான் ஓட்டிய போர்வெல் லாரியில் துளை போடும் ஆளாக வந்தவர். எந்தெந்த மாநிலத்திலோ, பெயர் தெரியாத ஊர்களில், ஒரே வண்டிக்கடியில் படுத்துத் தூங்கியிருக்கிறோம். பிறகு என் தங்கை செல்வியைக் கட்டிக்கொண்டு சொந்த ஊரான பூரணாங்குப்பத்துக்கே வந்துவிட்டார். கடலோர ஊர். வீட்டிலிருந்து பார்த்தால் கடல் தெரியாது, ஆனால் அது எந்தப் பக்கம் இருக்கிறது என்று கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடலாம்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் தவளக்குப்பத்தில் இறங்கினேன். இரும்போடு பிழைத்தவனுக்குக் கண் முதலில் இரும்பின் மேல்தான் போகும். பஸ் நிறுத்தத்துக் கம்பங்கள் தரையைத் தொடும் இடத்தில் அரித்துப்போய், ஒரு பக்கம் பார்த்தால் மறுபக்கம் தெரிந்தது. எங்கள் ஊரில் போர்வெல் குழாய்கள் வருஷக் கணக்கில் வெட்டவெளியில் கிடக்கும். மேலே செம்மண் நிறத்தில் ஒரு தோல் படியும், அவ்வளவுதான். துணியால் துடைத்தால் உள்ளே இரும்பு இரும்பாகவே இருக்கும். இங்கே துரு அப்பளம் மாதிரி அடுக்கடுக்காக எழும்புகிறது. விரல் வைத்தால் உதிர்கிறது.

என்னை ஏற்றிக்கொண்ட ஷேர் ஆட்டோவின் கதவுப்பக்கக் கம்பி, பிடித்ததும் கையோடு வந்துவிட்டது. பயந்துபோய் டிரைவரிடம் நீட்டினேன்.

"அத்த அப்பிடியே மடில வெச்சிக்கோங்கணா. எறங்கும்போது குடுங்க. எல்லாரும் அப்பிடித்தான் குடுத்துட்டுப் போறாங்க."

பக்கத்தில் மீன்கூடையோடு இருந்த அம்மாள் சொன்னார்: "எங்க ஊரு காத்துக்குப் பல்லு இருக்குதுபா. நிதானமாத் தின்னும். ஒனக்கென்ன, ரெண்டு நாளு இருந்துட்டுப் போயிடுவ."

இப்படி ஒரு பேச்சு கேட்டால் எனக்குப் பஸ் கட்டணம் திரும்பி வந்த மாதிரி.

*

செல்வி வாசலில் நின்றிருந்தாள். "இன்னாண்ணா, இப்பிடி எளச்சிட்ட?" என்றாள். கல்யாணத்துக்கு முன்னால் "ஏனுங்ணா" என்று இழுத்தவள். அந்த இழுப்பு எப்போது போனதென்று அவளுக்கே தெரியாது. அவள்தான் இளைத்திருந்தாள். மகன் பிரபு போனபிறகு நான் வந்தது இது இரண்டாம் முறை. போன வருஷத்துக்கு முந்தின வருஷம், வேலை முடிந்து பைக்கில் வந்தவன் கடலூர் ரோட்டில் விழுந்தான். அவ்வளவுதான் எழுத முடியும்.

கிழங்கான் மீன் குழம்பு வைத்திருந்தாள். ருசி அப்படியே இருந்தது. சாப்பிட்டுக்கொண்டே தலையை உயர்த்திப் பார்த்தேன். கூடத்துத் தளத்தில் ஒரு பெரிய தட்டு அளவுக்குக் காரை விழுந்து, உள்ளே கம்பிகள் விலா எலும்பு மாதிரி தெரிந்தன. முன் வாசல் தூண் இரண்டிலும் மேலிருந்து கீழாக நெட்டுவாக்கில் வெடிப்பு. ஒருவர் உள்ளே நின்று கதவைத் தள்ளுவதுபோலச் சிமெண்ட் வெளியே பிதுங்கியிருந்தது.

கொத்தனார் ஏழுமலையை முத்து வரச் சொல்லியிருந்தார். அவர் தூணைத் தட்டிப் பார்த்தார். ஓட்டைப் பானைச் சத்தம் வந்தது.

"கம்பி துருப்புடிச்சா வீங்கும்ணா. வீங்குனா எடம் கேக்கும். சிமெண்டு எங்க போவும்? வெடிக்கும்" என்றார். "எல்லாம் மேலேர்ந்து எறங்குது. மாடிக்கு விட்ட கம்பிய வெட்டி, அடிய மூடுனாத்தான் கீழ வேல செஞ்சு பிரயோஜனம். இல்லாட்டி நானு இன்னிக்குப் பூசுவேன், அடுத்த மழைக்கு அது மறுபடியும் வுழும்."

மாடிக்கு விட்ட கம்பி என்றால் இந்தப் பக்கத்தில் எல்லா வீட்டுத் தலையிலும் பார்க்கலாம். எங்கள் ஊரிலும் உண்டு. கீழ்வீடு கட்டும்போதே தூண்களின் கம்பியைத் தளத்துக்கு மேலே ஆள் உயரத்துக்கு நீட்டி விட்டுவிடுவார்கள். பையன் சம்பாதிப்பான், கல்யாணம் ஆகும், அப்போது மேலே ஒரு வீடு எழுப்ப அந்தக் கம்பி வேண்டும். அதற்குள் வெயில், மழை, உப்புக்காற்று எல்லாம் அதன் வழியாகவே இறங்கிக்கொண்டிருக்கும். எங்கள் ஊரில் அதற்குப் பெரிய ஆபத்தில்லை. இங்கே அது வீட்டின் தலையில் திறந்து வைத்த வாசல்.

செல்வி தட்டை எடுத்துக்கொண்டே சொன்னாள். "பூசறதுன்னா பூசுங்க. கம்பிய யாரும் தொடக்கூடாது."

"வெண்ணிலாவ எப்பிடிடி இட்டாற்றது?" என்றார் முத்து.

"இட்டாரலாம். காரை வுழாத ரூம்புல படுக்க வெக்கலாம்."

"எந்த ரூம்பு வுழாதுன்னு காரை சொல்லிட்டு வுழுமா?"

வெண்ணிலா மகள். பண்டசோழநல்லூரில் கட்டிக்கொடுத்திருக்கிறது. தலைப்பிரசவம். வளைகாப்பு முடிந்ததும் தாய்வீட்டுக்கு வரவேண்டியவள். அவள் மாமியார் நாள் பேச வந்திருந்தபோது, பேசிக்கொண்டிருக்கும்போதே தளத்திலிருந்து காரை கட்டிலோரமாக விழுந்திருக்கிறது. அந்த அம்மாள் சத்தம் போடவில்லை. காபியைக் குடித்து முடித்துவிட்டு, "வூட்ட சரி பண்ணிட்டுச் சொல்லுங்க, அனுப்பறோம்" என்று போய்விட்டார். அதற்கு மேல் அவர் என்ன சொல்ல முடியும்?

நான் வந்திறங்கிய அன்று ராத்திரி முத்து தெருக்குழாயிலிருந்து குடம் குடமாகத் தண்ணீர் பிடித்து மாடிக்கு ஏற்றிக்கொண்டிருந்தார். வீட்டிலேயே போர் இருக்கும்போது எதற்கு என்று கேட்டேன். "நாளைக்குப் பாருங்க" என்றார்.

*

சனிக்கிழமை காலையில் செல்வி தலைவாரிப் பொட்டு வைத்துக்கொண்டு மாடிக்கு ஏறினாள். கையில் நல்லெண்ணெய்க் கிண்ணம். நான் பின்னாலேயே போனேன்.

மொட்டைமாடி ஒரு வகையில் அந்த ஊரின் காலத்தைக் காட்டும் இடம். நீலத் தார்ப்பாய் வெயிலில் நைந்து நார் நாராகப் பறந்தது. பிளாஸ்டிக் நாற்காலி வெளுத்துப்போய், தொட்டதும் கையில் மாவு ஒட்டியது. துணி காயப்போடும் கம்பி பல இடத்தில் அறுந்து, நைலான் கயிற்றால் முடிச்சுப் போட்டிருந்தார்கள். அந்தக் கயிறும் பாதி மக்கியிருந்தது. பக்கத்து வீட்டு மாடிகளிலும் கம்பிகள் கொத்துக் கொத்தாக நின்றன. சிலர் அதன் நுனியில் தண்ணீர் பாட்டிலைக் கவிழ்த்து வைத்திருந்தார்கள்.

செல்வி வீட்டுக் கம்பிகள் மட்டும் கறுப்பாக மின்னின. டிரம்மிலிருந்து தண்ணீர் மொண்டு ஒவ்வொரு கொத்தாக மேலிருந்து ஊற்றிக் கழுவினாள். பழைய துணியால் துடைத்தாள். பிறகு எண்ணெய் தொட்டு நுனியிலிருந்து அடிவரை உருவினாள். அவசரமே இல்லை. முன்னாளில் சனிக்கிழமையானால் பிரபுவை உட்கார வைத்து இவள் தலையில் எண்ணெய் தேய்த்ததும், அவன் கண் எரிகிறதென்று கத்தியதும் நான் பார்த்ததுதான். அதனால் நான் ஒன்றும் கேட்கவில்லை. அவளாகவே பேசினாள்.

"மொதல்ல உப்ப கழுவிடணும்ணா. கழுவாம எண்ணெ வெச்சா உள்ளயே நின்னுடும்."

"சரிம்மா."

"தெருவுல இன்னா சொல்றாங்க தெரியுமா? செல்வி கம்பியக் குளிப்பாட்டறா, அடுத்தது சட்ட தெச்சுப் போடுவாளாம்." சிரித்தாள். சிரிப்பு சீக்கிரம் நின்றது. "அவனுக்குன்னு விட்ட கம்பி. அவன் போய்ட்டான்னா கம்பியும் போவணுமா? வெட்டிட்டா இது கீழ் வூடு, அவ்ளோதான். இனிமே மேல ஒண்ணும் இல்லன்னு ஆயிடும்."

எண்ணெய்க் கிண்ணத்தை நான் வாங்கிப் பிடித்துக்கொண்டேன்.

டீக்கடைக்குக் கூட்டிப்போய் முத்து மற்றதைச் சொன்னார். போண்டாவைப் பிய்த்தாரே தவிர வாயில் போடவில்லை.

"நம்ம போர் தண்ணி உப்பா மாறிப்போச்சி மச்சான். கடலு கீழயே உள்ள வந்துடுச்சி. பாத்திரம் கழுவ, வண்டி கழுவ எல்லாரும் அதுலதான் கழுவறாங்க. வண்டி சீக்கிரம் துருப்புடிக்குதுன்னு காத்தத் திட்டுவானுங்க. இவளும் அந்தத் தண்ணியிலதான் ஒவ்வொரு சனிக்கிழமையும் கழுவிகினு இருந்தா. எண்ணெ மேல நிக்குது. தண்ணி அடியில எறங்குது."

"அப்ப தூண் வெடிச்சது?"

"காத்தும் மழையும் பாதி. மீதி அவ கை." அவர் ரோட்டைப் பார்த்தார். "நாக்குல வெச்சே தண்ணியச் சொல்றவன் நானு. மொத வாரமே தெரியும். சொல்ல வாய் வர்ல. வாரத்துல அந்த ஒரு நாள்தான் அவ தல வாருறா. அத்தயும் புடுங்கிட்டா இன்னா மிச்சம்? சரி, தண்ணியவாவது மாத்துவோம்னு இப்ப நல்ல தண்ணியத் தூக்கியாந்து ஊத்தறேன். லேட்டாயிடுச்சி."

"இப்பவாவது சொல்லலாமில்ல? சொன்னா வெட்ட ஒத்துக்குவா."

"ஒத்துக்குவா. அதுக்கப்பறம் அவ கைய அவ எப்பிடிப் பாப்பா?"

எதைப் பேசினாலும் அதை மட்டும் பேசுவதில்லை என்று நாங்கள் இருவரும் அங்கேயே முடிவு செய்துகொண்டோம்.

*

ஞாயிற்றுக்கிழமை வெண்ணிலாவைப் பார்க்கக் கிளம்பினேன். செல்வி முறுக்கும் மாங்காய்த் தொக்கும் கட்டிக் கொடுத்தாள். "நீ வரலியா?" என்றதற்கு, "அவ மாமியா மொகத்துல எப்பிடி முழிக்கறது?" என்றாள்.

வில்லியனூரில் மாறி ஏறிய தனியார் பஸ்ஸில் என் காலடித் தகரத்தில் ஒரு ஓட்டை. அதன் வழியாக ரோடு ஓடுவது தெரிந்தது. செருப்பை நகர்த்தி மூடிக்கொண்டேன். கண்டக்டர் கவனித்துவிட்டார்.

"பெரியவரே, காலு போட்டு மூடாதீங்க. ஏசி அதுதான்."

கரும்புத் தோட்டங்கள் தொடங்கியதும் கடல் வாசனை நின்றது. கொஞ்ச நேரத்தில் வண்டிக்கடியில் தடாலென்று சத்தம். சைலன்சர் பாதியில் முறிந்து ரோட்டில் இழுபட்டது. எல்லோரும் இறங்கினோம். டிரைவர் குனிந்து பார்த்து, சேலைத்துணி கேட்டார். யாரும் தரவில்லை. கடைசியில் கரும்புக்கட்டுக் கயிறு ஒருவரிடம் கிடைத்தது. கட்டினார். இரண்டு வளைவு போவதற்குள் சூட்டில் கயிறு கருகி, மறுபடியும் தடால்.

"வண்டி கடல்ல ஓடலபா," என்றார் கண்டக்டர், வேட்டியை மடித்துக்கொண்டு. "ஆனா கடலு வண்டியில ஓடுது. ராத்திரி நிறுத்தற எடம் அப்பிடி."

நான் வாழ்நாளெல்லாம் வண்டிக்கடியில் கிடந்தவன். படுத்துக்கொண்டு, கீழே கிடந்த வேலிக்கம்பியால் முறுக்கிக் கட்டிக் கொடுத்தேன். அதற்காக மீதித் தூரம் முழுக்க டிரைவர் பக்கத்தில் இடம். பழைய லாரிக்காரன் என்று தெரிந்ததும் அவர் தன் மகளின் கல்யாணத்திலிருந்து முதுகுவலி வரை எல்லாம் சொன்னார். இறங்கும்போது மனசு கொஞ்சம் லேசாகியிருந்தது.

பண்டசோழநல்லூரில் அழிவு வேறு விதம். அங்கே உப்பு இல்லை, வெயில் இருக்கிறது. டிராக்டர் டிரெய்லரின் பெயின்ட் உரிந்திருந்தாலும் இரும்பு திடமாக இருந்தது. ஆனால் வைக்கோல் போரை மூடிய தார்ப்பாய் கிழிந்து, மோட்டார் கொட்டகையின் பிளாஸ்டிக் குழாய்கள் வெடித்துக் கிடந்தன. எங்கள் ஊர் மாதிரிதான். திடமான ஒரு தளத்துக்குக் கீழே உட்கார்ந்ததும் நான் என்னை அறியாமல் தலையை உயர்த்திப் பார்த்திருக்கிறேன்.

"நம்ம வூட்டு நெனப்பா மாமா?" என்றாள் வெண்ணிலா. மேடான வயிற்றில் கைவைத்துக்கொண்டு என் எதிரில் உட்கார்ந்தாள். அவள் மாமியார் கேழ்வரகு அடையும் வெல்லமும் வைத்துவிட்டு, நாங்கள் பேசட்டும் என்று மாட்டுப் பக்கம் போய்விட்டார். நல்ல மனுஷி.

வெண்ணிலா தொக்கைத் திறந்து விரலால் தொட்டு நக்கினாள். மூடி பக்கத்தில் வைத்துக்கொண்டாள்.

"அம்மாகிட்ட கம்பிய வெட்டச் சொல்லி வந்திருக்கீங்களா?"

"உங்கப்பா கூப்பிட்டார்மா."

"சொல்லாதீங்க மாமா. நானு அத்தைகிட்ட பேசிட்டேன். இங்கயே பெத்துக்கறேன். அவங்க பாத்துக்கறேன்னுட்டாங்க."

"மொதக் கொழந்தைக்குத் தாய்வீடு வேண்டாமா?"

அவள் தொக்கு மூடியை இன்னும் இறுக்கித் திருகினாள். "எனக்கு வேணும்தான்," என்றாள். "ஆனா அம்மாவுக்கு அது வேணும் மாமா. அங்க அவன் இருக்கட்டும். நானு இங்க இருந்துக்கறேன்."

தட்டை ஓரமாக நகர்த்திவிட்டு எழுந்தேன்.

*

திரும்பி வந்தபோது செல்வி கொல்லைப்புறத்தில் நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தாள். எப்படிப் பேசலாம் என்று பஸ்ஸில் வரும்போதே பலவிதமாகக் கட்டிப் பார்த்திருந்தேன். எதுவும் உதவவில்லை. வெண்ணிலா சொன்னதை ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல் அப்படியே சொன்னேன்.

அவள் கை நின்றது.

"அங்க அவன் இருக்கட்டும்னா?"

"ஆமாம்மா."

மறுபடியும் மீனை எடுத்தாள். தலை கிள்ளினாள். அடுத்தது எடுத்தாள்.

"சின்னதுல வூட்ல முட்ட ஒண்ணுதான் இருக்கும்ணா. வெண்ணிலா அத்த அவனுக்குத் தள்ளி வெச்சிருவா. ஒனக்கு வேணாமாடின்னு கேட்டா, எனக்கு முட்ட புடிக்காதும்மான்னுவா. நானும் சரின்னு அவனுக்கே ஊட்டிருவேன்." சட்டியை நகர்த்தி வைத்தாள். "புடிக்கும்ணா அவளுக்கு. கல்யாணமாகிப் போன வூட்ல தினம் சாப்புடறாளாம். அவ மாமியா சொல்லித்தான் எனக்குத் தெரியும்."

குழம்பு கொதித்தது. நாங்கள் மூவரும் தளத்தின் ஓட்டைக்குக் கீழே உட்காராமல் சுவரோரமாக நகர்ந்து உட்கார்ந்து சாப்பிட்டோம்.

திங்கட்கிழமை எழுந்ததும் முத்துவிடம், "ஏழுமலைய வரச் சொல்லுங்க" என்றாள். பிறகு போனை எடுத்தாள். "வெண்ணிலா? ம். சாப்ட்டியா? தோ பாரு, வளைகாப்பு முடிஞ்சதும் நீ இங்கதான் வர்ற. இன்னா... இல்லடி, சரி பண்ணிடுவாங்க. நானு சொல்றேன் இல்ல? வாயாடாத." வைத்துவிட்டாள்.

ஏழுமலை கட்டிங் மெஷினோடு வந்தார். கம்பிகளைப் பார்த்ததும் அதிசயப்பட்டார். "நாட்டுல ஒரு கம்பி இவ்ளோ சுத்தமா நான் பாத்ததில்ல" என்றார். பிறகு குனிந்து, தளத்தோடு சேரும் அடிப்பகுதியை உளியால் லேசாகச் சுரண்டினார். உப்பு வெள்ளை வெள்ளையாய்ப் பூத்திருந்தது. கம்பி அந்த இடத்தில் பாதியாக மெலிந்திருந்தது. அவர் நிமிர்ந்து, "ஏம்மா, இதுக்கு எந்தத் தண்ணிய..." என்று ஆரம்பித்தார்.

"மெஷின போடு ஏழுமல" என்றார் முத்து. அவ்வளவு உரத்து அவர் பேசி நான் கேட்டதில்லை. "வெயிலு ஏறிகினு இருக்குது."

ஏழுமலை அவர் முகத்தைப் பார்த்தார். என் முகத்தையும் பார்த்தார். கண்ணாடியை இழுத்து மாட்டிக்கொண்டு சுவிட்சைப் போட்டார்.

செல்வி கீழே போகவில்லை. படிக்கட்டுத் தலைப்பில் நின்றாள். தீப்பொறி பறந்தது. எண்ணெய் கருகும் வாசனை எழுந்தது. முதல் கம்பி முறிந்து தளத்தில் விழுந்து உருண்டது. அவள் போய் அதை எடுத்தாள். வெடுக்கென்று விட்டுவிட்டாள். பிறகு முந்தானையைச் சுற்றிக்கொண்டு மறுபடியும் எடுத்தாள். வெட்டுப்பட்ட முனையைத் திருப்பிப் பார்த்தாள். சுற்றிலும் கறுப்பும் சிவப்புமாய் துரு, நடுவே ஒரு மிளகு அளவுக்கு மட்டும் புது இரும்பு பளிச்சென்றிருந்தது.

"சூடா இருக்குதுண்ணா" என்றாள் என்னிடம்.

அப்படியே தளத்தில் உட்கார்ந்து அதை மடியில் வைத்துக்கொண்டாள். முத்து வாங்கிக்கொள்ளக் கையை நீட்டினார். அவள் கொடுக்கவில்லை.

"அடுத்ததப் போடட்டுமாம்மா?" என்றார் ஏழுமலை.

"போடலாம். கொஞ்சம் இருங்க. இது சூடு எறங்கட்டும்."

ஏழுமலை மெஷினைக் கீழே வைத்தார். வயரைப் பிடுங்கினார். கண்ணாடியைக் கழற்றி நெற்றியில் ஏற்றிக்கொண்டு கைப்பிடிச் சுவரில் உட்கார்ந்தார். கடல் பக்கமிருந்து காற்று வந்துகொண்டே இருந்தது. ஆண்கள் மூன்று பேரும் காத்திருந்தோம்.